ஃபோனில் பிஎஸ்பி கேம்: சுருக்கப்பட்ட ஃபைல்கள் ஏன் ஓடவில்லை, எப்படி ஓட வைத்தோம்

சோனியின் கையடக்கக் கேம் கருவியான பிஎஸ்பியின் கேம்களை ஃபோனில் ஓட்டும் பிபிஎஸ்எஸ்பிபி எமுலேட்டரை நிறுவியாகிவிட்டது, கேம் ஃபைலும் உள்ளே இருக்கிறது, ஆனால் எதுவும் ஓடவில்லை. இந்தப் புகாரைப் பலரும் சொல்லிக் கேட்டிருக்கிறேன். பிராசஸர் போதாது, ராம் போதாது, எமுலேட்டரே சரியில்லை என்று ஆளுக்கொரு காரணம் சொல்வார்கள். நான் பார்த்தவரை கோளாறு பெரும்பாலும் அங்கே இருப்பதில்லை. கையில் இருக்கும் ஃபைல் எந்த வகை, எதற்காகச் சுருக்கப்பட்டது என்பதை யாரும் பார்ப்பதில்லை. அதுதான் பிரச்சினை.

கேம் ஃபைல்களை இரண்டு காரணங்களுக்காகச் சுருக்குகிறார்கள். ஒன்று, ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குக் கொண்டுபோக. ஜிப், ரார், செவன்-ஜிப் எல்லாம் அந்த வகை. இன்னொன்று, சுருங்கிய நிலையிலேயே வைத்துக்கொண்டு விளையாட. சிஎஸ்ஓ, சிஎச்டி இரண்டும் இந்த வகை. முதல் வகையைப் பிரித்தால்தான் ஓடும். இரண்டாம் வகையைப் பிரிக்கத் தேவையே இல்லை. இந்த ஒன்று மனதில் பதிந்துவிட்டால் மற்றதெல்லாம் தானாக விளங்கும். கீழே வருவது, அக்கா மகனின் ஃபோனில் இந்தச் சிக்கல்கள் எல்லாம் ஒரே நேரத்தில் வந்து நின்ற கதை. ஒவ்வொன்றும் ஏன் வந்தது, எப்படித் தீர்ந்தது என்பதை வரிசையாக எழுதுகிறேன்.

பின்னணி

சோனியின் பிஎஸ்பி 2004 டிசம்பரில் ஜப்பானில் விற்பனைக்கு வந்தது. அதன் கேம்கள் யுஎம்டி என்ற 60 மில்லிமீட்டர் வட்டில் வரும். ஒற்றை அடுக்கு வட்டில் 900 எம்பி, இரட்டை அடுக்கு வட்டில் 1.8 ஜிபி கொள்ளும். இந்த மேல்வரம்பை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது. வட்டை அப்படியே எடுத்த ஐஎஸ்ஓ ஃபைல் எதுவும் 1.8 ஜிபியைத் தாண்டாது. அதனால் எவ்வளவு இடம் வேண்டும் என்ற கணக்கை முன்கூட்டியே போட்டுவிடலாம்.

பிபிஎஸ்எஸ்பிபி 2012 நவம்பரில் வெளிவந்த திறந்தமூல எமுலேட்டர். எழுதத் தொடங்கியவர் ஹென்ரிக் ரீட்கோர்ட். நின்டெண்டோ கேம்களுக்கான டால்ஃபின் எமுலேட்டரைத் தொடங்கியவர்களில் அவரும் ஒருவர். பிளேஸ்டேஷன் 1, 2 எமுலேட்டர்களுக்கு வழக்கமாக பயாஸ் ஃபைல், அதாவது அசல் கருவியின் அடிப்படை மென்பொருள், தேவைப்படும். இதற்கு அது வேண்டாம். பிஎஸ்பியின் சிஸ்டம் வேலைகளை எமுலேட்டரே தன் சொந்த நிரலால் செய்துகொள்கிறது. ஆகவே ‘பிபிஎஸ்எஸ்பிபிக்கு பயாஸ் டவுன்லோடு செய்யுங்கள்’ என்று எந்த இணையதளமாவது சொன்னால், அதை அங்கேயே மூடிவிடலாம்.

இந்தக் கதையில் வரும் கேம்கள் என்னிடம் இருக்கும் யுஎம்டி வட்டுகளிலிருந்து நானே எடுத்தவை. கஸ்டம் ஃபர்ம்வேர் (சோனியுடையது அல்லாத, மாற்றியமைத்த சிஸ்டம் மென்பொருள்) போட்ட பிஎஸ்பியை யுஎஸ்பி வயரில் கணினியோடு இணைத்து, யுஎஸ்பி டிவைஸ் என்ற இடத்தில் மெமரி ஸ்டிக்குக்குப் பதில் யுஎம்டி டிஸ்க்கைத் தேர்ந்தெடுத்தால், வட்டு முழுவதும் ஒரே ஐஎஸ்ஓ ஃபைலாகக் கணினியில் தெரியும். அதைக் காப்பி செய்துகொண்டால் போதும். பல ஆண்டுகளுக்கு முன்பு அப்படி எடுத்தவற்றை ஹார்டு டிஸ்க்கில் இடம் மிச்சமாகட்டும் என்று செவன்-ஜிப்பில் கட்டிப் போட்டிருந்தேன். சிலவற்றை 500 எம்பி துண்டுகளாகவும் வெட்டி வைத்திருந்தேன். இப்போது அந்த பிஎஸ்பியின் பேட்டரி உப்பிவிட்டது. அதனால் அக்கா மகன் தன் ஃபோனில் விளையாட அந்த ஹார்டு டிஸ்க்கை எடுத்துக்கொண்டு போனான்.

ஃபோன் நடுத்தர விலையில் வாங்கியது. ஆண்ட்ராய்டு 13, 4 ஜிபி ராம், 64 ஜிபி ஸ்டோரேஜ். அந்த 64-இல் பெரும்பகுதி ஃபோட்டோவும் வீடியோவும். கூடவே ஒரு பழைய மெமரி கார்டு.

முதல் தடை: ஃபோல்டர்

“மாமா, எல்லாத்தையும் காப்பி பண்ணிட்டேன். ஆப்ல ஒண்ணுமே காட்டல.”

“எந்த ஃபோல்டர்லடா போட்டிருக்க?”

“டவுன்லோட்லதான்.”

பதில் அதிலேயே இருந்தது. 2020-இல் வந்த ஆண்ட்ராய்டு 11 முதல் ஓர் ஆப் ஃபோனின் ஸ்டோரேஜ் முழுவதையும் தன் விருப்பத்துக்குத் திறந்து பார்க்க முடியாது. பயனர் ஒரு ஃபோல்டரைக் காட்டி இதைப் பயன்படுத்து என்று அனுமதி தர வேண்டும். அப்படிக் காட்டும்போதும் சில இடங்களைத் தேர்ந்தெடுக்க ஆண்ட்ராய்டு விடாது. ஸ்டோரேஜின் ஆரம்ப இடம் அப்படி ஒன்று. டவுன்லோட் ஃபோல்டரின் மேல்மட்டம் இன்னொன்று. அங்கே போனால் ‘இந்த ஃபோல்டரைப் பயன்படுத்து’ என்ற பட்டன் வேலை செய்யாது. இது பாதுகாப்புக்காக வைத்த தடை. பிபிஎஸ்எஸ்பிபி 2021-இல் வந்த 1.12 பதிப்பிலிருந்து இந்தப் புது முறைக்கு மாறிவிட்டது.

தீர்வு எளிது. ஸ்டோரேஜில் கேம்ஸ் என்று புதிதாக ஒரு ஃபோல்டர் உருவாக்கி, ஃபைல்களை அங்கே நகர்த்தி, எமுலேட்டரில் அந்த ஃபோல்டரைக் காட்டி அனுமதி தந்தோம். உடனே பட்டியல் வந்துவிட்டது.

அவனிடம் இன்னொன்றையும் கவனித்தேன். ஆப் முதல்முறை திறக்கும்போது, சேமிப்புகளை எங்கே வைக்கட்டும் என்று கேட்கும். ஒரு ஃபோல்டரைத் தேர்ந்தெடுக்கலாம், அல்லது ஆப்பின் சொந்த இடத்திலேயே வைக்கச் சொல்லலாம். அவன் இரண்டாவதைத் தட்டியிருந்தான். அதில் பெரிய ஆபத்து இருக்கிறது. ஆப்பை அழித்தால் விளையாடிச் சேர்த்த சேமிப்புகளும் அதோடு போய்விடும். ஆப்பே திரையில் அதை எச்சரிக்கும், ஆனால் அவசரத்தில் யாரும் படிப்பதில்லை. பிஎஸ்பி என்று தனி ஃபோல்டர் உருவாக்கி அங்கே மாற்றிவிட்டோம். இந்த ஃபோல்டர் சேமிப்புக்கு. ஐஎஸ்ஓ ஃபைல்கள் இதற்குள் இருக்க வேண்டிய அவசியம் இல்லை. அவை வேறு எங்கிருந்தாலும் சரி, அனுமதி தந்திருந்தால் போதும்.

பட்டியலில் என்னென்ன இருந்தன

பெயர்கள் வந்துவிட்டன. ஆனால் பெரும்பாலானவற்றில் கேமின் முகப்புப் படம் இல்லை, வெறும் பெயர்தான். இது பயனுள்ள அறிகுறி. ஓடக்கூடிய ஃபைலாக இருந்தால் எமுலேட்டர் அதற்குள்ளிருந்து முகப்புப் படத்தை எடுத்துக் காட்டும். படம் வரவில்லை என்றால் ஒன்று அது இன்னும் பிரிக்கப்படாத ஆர்க்கைவ் (ஜிப், ரார் போன்ற சுருக்கக் கட்டு), அல்லது கெட்டுப்போன ஃபைல்.

ஜிப்பாக இருந்த ஒன்றைத் தட்டியதும் எமுலேட்டரே ‘இதை நிறுவட்டுமா’ என்று கேட்டது. சரி என்றால் உள்ளிருக்கும் ஐஎஸ்ஓவைப் பிரித்து ஃபோல்டரில் வைத்துவிடும். முடிந்ததும் ஜிப்பை அழிக்கவும் ஒரு டிக் இருக்கிறது. ஜிப்புக்கு இந்த வசதி போதும், தனி ஆப் வேண்டாம். ராரும் செவன்-ஜிப்பும் அப்படி இல்லை. அவற்றைத் தட்டினால் வேறு மென்பொருளில் பிரித்துக்கொண்டு வா என்றுதான் சொல்லும். அதற்கு இசட்ஆர்க்கைவர் போன்ற ஆப் ஒன்று தேவை.

அவன் ஏற்கெனவே அந்த ஆப்பை நிறுவிப் பார்த்திருந்தான். அங்கேதான் வேறு சிக்கல்கள் தொடங்கியிருந்தன.

முதலாவது, வெட்டி வைத்த செவன்-ஜிப் துண்டுகள். 001, 002, 003 என்று மூன்று இருந்தன. அவன் மூன்றையும் தனித்தனியாகத் தட்டிப் பிரிக்க முயன்றிருக்கிறான். 001-ஐ மட்டும் திறந்தால் போதும், மற்ற இரண்டும் அதே ஃபோல்டரில் இருந்தால் ஆப்பே எடுத்துக்கொள்ளும். ஆனால் 001-ஐத் திறந்தபோதும் பிழை வந்தது. இந்த இடத்தில் ஃபைல் அளவைப் பார்க்க வேண்டும். சம அளவில் வெட்டியவை என்பதால் கடைசித் துண்டைத் தவிர மற்றவை எல்லாம் ஒரே அளவில் இருக்க வேண்டும். கடைசி ஒன்று மட்டும் மீதி என்பதால் சிறியதாக இருக்கலாம். இங்கே நடுத்துண்டான 002 சிறியதாக இருந்தது. வயரில் காப்பி ஆகிக்கொண்டிருக்கும்போது ஃபோனைப் பிடுங்கியிருக்கிறான். ஹார்டு டிஸ்க்கிலிருந்து அந்த ஒரு துண்டை மட்டும் மறுபடியும் காப்பி செய்ததும் பிரிந்துவிட்டது. பெயரும் முக்கியம். மூன்றின் பெயரும் கடைசி எண்ணைத் தவிர எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்க வேண்டும். டவுன்லோடு செய்யும்போது ஃபோன் தானாகச் சேர்க்கும் அடைப்புக்குறி எண்கூட இதைக் கெடுத்துவிடும்.

இரண்டாவது, இடம். பிரிக்கும்போது ஆர்க்கைவும் இருக்கும், அதிலிருந்து வரும் ஐஎஸ்ஓவும் இருக்கும். இரண்டுக்கும் ஒரே சமயத்தில் இடம் வேண்டும். ஆர்க்கைவ் 1.2 ஜிபி, உள்ளே இருப்பது முழு யுஎம்டி என்று வைத்தால், வேலை முடியும்வரை 3 ஜிபி வேண்டும். ஏறக்குறைய நிரம்பிய 64 ஜிபி ஃபோனில் இது பாதியில் நின்றுவிடும். அப்படி நின்றால் அரைகுறை ஐஎஸ்ஓ ஒன்று அங்கேயே கிடக்கும். பார்வைக்குச் சரியான ஃபைல் போலத்தான் இருக்கும், முகப்புப் படமும் சில சமயம் வரும், கேம் தொடங்கவும் தொடங்கும். ஏதோ ஒரு கட்டத்தில் தேவையான பகுதி இல்லாமல் உறைந்து நிற்கும். இந்த வகைக் கோளாறைக் கண்டுபிடிப்பதுதான் கஷ்டம், ஏனென்றால் எல்லோரும் எமுலேட்டர் செட்டிங்கை மாற்றிக்கொண்டே இருப்பார்கள். ஆர்க்கைவைத் திறந்து பார்த்தால் உள்ளிருக்கும் ஐஎஸ்ஓவின் அசல் அளவு பைட் கணக்கில் தெரியும். வெளியே வந்த ஃபைலின் அளவு அதோடு ஒத்துப்போகிறதா என்று பார்த்துவிட்டால் போதும்.

மூன்றாவது, ஒரு படி கூடுதலாகப் பிரித்துவிட்டது. ஐஎஸ்ஓவும் உள்ளே ஃபைல்களைக் கொண்ட ஒன்றுதான் என்பதால், பிரிக்கும் ஆப்கள் பலவும் அதையும் ஓர் ஆர்க்கைவாக எடுத்துக்கொண்டு பிரித்துக் கொடுத்துவிடும். அவனுடைய ஃபோல்டரில் பிஎஸ்பி_கேம் என்று ஒரு ஃபோல்டரும், யுஎம்டி_டேட்டா என்று ஒரு சின்ன ஃபைலும் தனியாகக் கிடந்தன. வட்டின் உள்ளடக்கம் அது. இப்படிப் பிரிந்த நிலையிலும் எமுலேட்டர் சிலவற்றை ஓட்டிவிடும், ஆனால் அதை நம்பி வைத்துக்கொள்ளக் கூடாது. சில கேம்கள் ஃபைல் பெயரைச் சொல்லிக் கேட்காமல் வட்டின் இத்தனையாவது இடத்திலிருந்து படி என்று நேராகக் கேட்கும். ஃபைல்களாகச் சிதறிவிட்டால் அந்த இட எண்ணுக்கு அர்த்தம் இருக்காது. பிரித்ததை அழித்துவிட்டு, ஆர்க்கைவிலிருந்து ஐஎஸ்ஓவை மட்டும் எடுத்து அதோடு நிறுத்தச் சொன்னேன்.

நான்காவதுதான் எனக்குக் கோபம் வந்த விஷயம். ஏதோ ஒரு வீடியோவில் ஃபைலின் வால்பெயரை மாற்றினால் போதும், ஓடும் என்று சொல்லியிருக்கிறார்கள். செவன்-ஜிப் ஃபைலின் பெயர் முடிவை ஐஎஸ்ஓ என்று மாற்றி வைத்திருந்தான். பெயரை மாற்றுவதால் உள்ளே ஒரு பைட்கூட மாறாது.

ஃபைலின் உண்மையான வகையை அதன் தொடக்க பைட்டுகள் சொல்லிவிடும். கணினியில், ஃபைலின் பைட்டுகளை அப்படியே காட்டும் ஹெக்ஸ் எடிட்டரில் திறந்து அவனுக்குக் காட்டினேன். ஜிப் ஃபைல் பிகே என்ற இரண்டு ஆங்கில எழுத்துகளில் தொடங்கும். 1989-இல் அந்த வடிவத்தைக் கொண்டுவந்த ஃபில் கட்ஸின் முதலெழுத்துகள் அவை. ரார் ஃபைல் ரார் என்ற மூன்று எழுத்தும் ஆச்சரியக்குறியும் கொண்டு தொடங்கும். செவன்-ஜிப்பில் 7 என்ற எண்ணும் இசட் எழுத்தும். சிஎஸ்ஓவில் சி, ஐ, எஸ், ஓ என்ற நான்கு எழுத்துகள். சிஎச்டியில் எம்காம்ப்ர்எச்டி என்ற எட்டு எழுத்துகள். அசல் ஐஎஸ்ஓ மட்டும் வித்தியாசம். முதல் 16 செக்டர் (செக்டர் என்பது வட்டின் 2,048 பைட் துண்டு), அதாவது 32,768 பைட், வட்டின் சிஸ்டம் பயன்பாட்டுக்காக ஒதுக்கியது. அதைத் தாண்டி அடுத்த செக்டரின் இரண்டாவது பைட்டிலிருந்து சிடி001 என்று எழுதியிருக்கும். ஐஎஸ்ஓ என்று பெயர் மாற்றி வைத்த அந்த ஃபைல், திறந்ததும் 7 என்றுதான் தொடங்கியது. பெயரைப் பழையபடி மாற்றி, பிரித்து எடுத்தோம். ஓடியது.

ஜிப்பை ஏன் அப்படியே ஓட்ட முடியாது

“சிஎஸ்ஓவும் சுருக்கினதுதானே மாமா, அது மட்டும் எப்படி ஓடுது?” என்று கேட்டான். நல்ல கேள்வி. இதற்குப் பதில் தெரிந்தால் மற்ற முடிவுகளைத் தானே எடுக்கலாம்.

கேம் ஓடும்போது வட்டை முதலிலிருந்து வரிசையாகப் படிப்பதில்லை. ஒரு சமயம் இசை, அடுத்த நொடி ஒரு கட்டடத்தின் படம், பிறகு எங்கோ கடைசியில் இருக்கும் ஒரு குரல் என்று தாவித் தாவிப் படிக்கும். ஜிப்பிலோ செவன்-ஜிப்பிலோ ஒரு பெரிய ஃபைலைச் சுருக்கினால் அது ஒரே நீளத் தொடராக ஆகிவிடும். நடுவில் உள்ளதைப் படிக்க வேண்டுமானால் தொடக்கத்திலிருந்து விரித்துக்கொண்டே வர வேண்டும், டேப் ரெக்கார்டர் கேசட்டில் ஐந்தாவது பாட்டுக்குப் போவது மாதிரி. முன்னால் வந்த பைட்டுகளைச் சார்ந்துதான் பின்னால் வருபவை சுருக்கப்பட்டிருக்கும். அதனால்தான் அளவும் நன்றாகக் குறைகிறது.

சிஎஸ்ஓ இதை வேறு மாதிரி செய்கிறது. பிஎஸ்பி வந்து அதிக காலம் ஆவதற்குள், 2005-லேயே, பூஸ்டர் என்ற புனைபெயரில் ஒருவர் எழுதிய வடிவம் அது. ஐஎஸ்ஓவை 2,048 பைட் துண்டுகளாக வெட்டி, ஒவ்வொரு துண்டையும் தனியாகச் சுருக்கும். ஃபைலின் தலையில் 24 பைட்டில் ஒரு குறிப்பு. அதன் கீழே ஒரு முகவரிப் பட்டியல். ஒவ்வொரு துண்டும் எங்கே தொடங்குகிறது என்று ஆளுக்கு 4 பைட்டில் எழுதியிருக்கும். 1 ஜிபி ஐஎஸ்ஓவில் 5,24,288 துண்டுகள். ஆகவே பட்டியல் 2 எம்பி. எந்தத் துண்டு வேண்டுமோ பட்டியலில் பார்த்து நேராக அங்கே போய் அதை மட்டும் விரித்தால் போதும்.

இதில் எனக்கு மிகவும் பிடித்த நுணுக்கம் ஒன்று. அந்த 4 பைட்டில், அதாவது 32 பிட்டில், மேல் பிட் முகவரிக்கு இல்லை. அந்த பிட் 1 என்றால் இந்தத் துண்டு சுருக்கப்படவில்லை, அப்படியே வைக்கப்பட்டிருக்கிறது என்று பொருள். சில துண்டுகளைச் சுருக்கினால் அளவு குறையாது, கூடிவிடவும் கூடும். அவற்றைத் தொடாமல் விட்டுவிடலாம். மிச்சம் 31 பிட் முகவரிக்குப் போதுமா? அதில் 2 ஜிபிவரை எட்டலாம். யுஎம்டியின் உச்சமே 1.8 ஜிபி. அளவெடுத்துத் தைத்தது போல் பொருந்துகிறது.

துண்டு துண்டாகச் சுருக்குவதற்கு ஒரு விலை உண்டு. பக்கத்துத் துண்டில் என்ன இருக்கிறது என்று தெரியாமல் சுருக்குவதால், செவன்-ஜிப் அளவுக்குச் சுருங்காது. எவ்வளவு மிச்சமாகும் என்பது கேமைப் பொறுத்தது. பிஎஸ்பி கேம்களின் வீடியோவும் ஏட்ராக் என்ற சோனியின் வடிவில் உள்ள இசையும் ஏற்கெனவே சுருக்கப்பட்டவை. அவை நிறைந்த கேமை எதில் போட்டாலும் பெரிதாகக் குறையாது. மறுபக்கம், வட்டை நிரப்புவதற்காக வெறும் பூஜ்யங்களை அடைத்து வைத்த கேம்கள் இருக்கின்றன. அவை சர்ரென்று சுருங்கிவிடும்.

இணையத்தில் ‘ஹைலி கம்ப்ரெஸ்டு’ என்று விற்கப்படும் ஃபைல்களை இந்த அறிவோடுதான் பார்க்க வேண்டும். வீடியோ நிறைந்த ஒன்றரை ஜிபி கேம் நூறு எம்பியில் வருகிறதென்றால், எந்தச் சுருக்கமும் அதைச் செய்யவில்லை. வீடியோவையும் குரலையும் வெட்டி எறிந்திருக்கிறார்கள், அல்லது உள்ளே கேமே இல்லை. அவனிடமும் அப்படி ஒன்று இருந்தது. திறந்தால் பாஸ்வேர்டு கேட்டது, பாஸ்வேர்டுக்கு இன்னோர் ஆப்பை நிறுவச் சொன்னது. அந்த ஃபைலை அப்போதே அழிக்கச் சொன்னேன். யாரோ தருகிற ஆப்பை ஒரு கேமுக்காக ஃபோனில் ஏற்றுவது வங்கிக் கணக்கும் ஓடிபியும் இருக்கிற ஃபோனுக்குச் செய்யக் கூடாத காரியம். அவன் வயதுப் பிள்ளைகளுக்கு இதை யாராவது பொறுமையாக உட்காரவைத்துச் சொல்ல வேண்டும்.

ஐஎஸ்ஓவிலிருந்து சிஎஸ்ஓ, சிஎச்டி

பிரித்த ஐஎஸ்ஓக்கள் எல்லாம் ஓடின. ஆனால் ஃபோனில் இடம் இல்லை. அதனால் கணினியில் அவற்றை ஓட்டக்கூடிய சுருக்க வடிவத்துக்கு மாற்றினோம்.

சிஎஸ்ஓவுக்கு நான் பரிந்துரைப்பது மேக்ஸ்சிஎஸ்ஓ. பிபிஎஸ்எஸ்பிபியின் முக்கியப் பங்களிப்பாளர் ஒருவர் எழுதியது. ஒவ்வொரு துண்டையும் பல வழிகளில் சுருக்கிப் பார்த்து, எது சிறியதோ அதை வைத்துக்கொள்ளும். வேலை முடிய நேரமாகும், ஆனால் வரும் ஃபைல் வழக்கமான சிஎஸ்ஓதான்.

சிஎச்டி என்பது பழைய ஆர்கேட் கேம்களை ஓட்டும் மேம் என்ற எமுலேட்டர் திட்டத்திலிருந்து வந்த வடிவம். பிபிஎஸ்எஸ்பிபி இதை 2024 பிப்ரவரியில் வந்த 1.17 பதிப்பிலிருந்துதான் ஏற்கிறது. பழைய பதிப்பை வைத்துக்கொண்டு சிஎச்டி ஓடவில்லை என்று தலையைப் பிய்த்துக்கொள்பவர்கள் முதலில் ஆப்பைப் புதுப்பிக்க வேண்டும். சிஎச்டிமேன் கருவியில் மாற்றும்போது கட்டளையையும் கவனிக்க வேண்டும். பிஎஸ்பிக்கு கிரியேட்-டிவிடி (createdvd) கட்டளைதான் சரி. பிளேஸ்டேஷன் 1 கேம்களுக்குப் பழகியவர்கள் கைப்பழக்கத்தில் கிரியேட்-சிடி (createcd) கொடுத்துவிடுவார்கள். அது ஒவ்வொரு செக்டரையும் சிடியின் அமைப்பில் 2,448 பைட்டாக எடுத்துக்கொண்டு, எட்டு செக்டரை ஒரே கட்டாக, 19,584 பைட்டாகச் சுருக்கும். கேம் ஒரு செக்டர் கேட்டாலும் எட்டையும் விரிக்க வேண்டியிருக்கும். ஃபோனில் அது சுமை. கிரியேட்-டிவிடி கட்டளையோடு கட்டின் அளவை 2048 என்றும் கொடுத்துவிட்டால் ஒரு செக்டருக்கு ஒரு கட்டு என்று ஆகிவிடும். அளவு கொஞ்சம் கூடும், ஓட்டம் சீராக இருக்கும்.

இரண்டில் எது? ஃபோனில் மட்டும் விளையாடுபவர்களுக்கு சிஎச்டி நல்ல தேர்வு. நாங்கள் சிஎஸ்ஓவை எடுத்துக்கொண்டோம். கஸ்டம் ஃபர்ம்வேர் போட்ட அசல் பிஎஸ்பியும் சிஎஸ்ஓவைப் படிக்கும். பேட்டரி மாற்றினால் அதே ஃபைலை மெமரி ஸ்டிக்கில் போட்டு அந்தக் கையடக்கத்திலேயே விளையாடலாம். எனக்கு அந்த ஆசை இன்னும் இருக்கிறது.

மாற்றுவதற்கு முன் அவனுக்கு ஒரு பயம், “சேவ் எல்லாம் போயிடுமா?” போகாது. கேமுக்குள் சேமித்தவை சேவ்டேட்டா என்ற ஃபோல்டரில் வட்டின் அடையாள எண்ணைக் கொண்டு வைக்கப்படுகின்றன. அந்த எண் கேமின் உள்ளேயே எழுதியிருக்கிறது. ஃபைலின் பெயர் மாறினாலும், ஐஎஸ்ஓ சிஎஸ்ஓ ஆனாலும் எண் மாறாது. கேம் இருக்கும் கணத்தை அப்படியே எமுலேட்டர் சேமிக்கும் சேவ் ஸ்டேட்களும் அதே எண்ணில்தான் பெயரிடப்படுகின்றன. ஒரே கேமின் அமெரிக்கப் பதிப்புக்கும் ஐரோப்பியப் பதிப்புக்கும் அடையாள எண் வேறு. பதிப்பை மாற்றினால்தான் பழைய சேமிப்பு தெரியாமல் போகும்.

திக்கித் திக்கி ஓடிய ஒன்று

எல்லாம் முடிந்தது என்று நினைத்தபோது ஒரு கார் பந்தய கேம் மட்டும் புதுத் தெருவுக்குள் நுழையும்போதெல்லாம் அரை நொடி நின்றது, சத்தமும் அறுந்தது. கிராஃபிக்ஸ் ரெசல்யூஷனைக் குறைத்துப் பார்த்தான். எந்த மாற்றமும் இல்லை. அதுவே ஒரு தடயம். படம் வரையும் வேலை சுமையாக இருந்தால் ரெசல்யூஷனைக் குறைத்ததும் முன்னேற்றம் தெரிந்திருக்கும். புது இடத்துக்குப் போகும்போது மட்டும் நிற்பது, தரவு வந்து சேரவில்லை என்பதைக் காட்டுகிறது.

சிஎஸ்ஓவைக் குறை சொல்லலாம் என்று தோன்றும். அதைச் சோதிக்க அதே கேமின் ஐஎஸ்ஓவை அதே மெமரி கார்டில் வைத்து ஓட்டினோம். அதுவும் நின்றது. அப்படியானால் சுருக்கம் காரணம் இல்லை. அதே சிஎஸ்ஓவை ஃபோனின் சொந்த ஸ்டோரேஜுக்கு நகர்த்தியதும் நிற்பது நின்றுவிட்டது. பழைய மெமரி கார்டின் படிக்கும் வேகம்தான் குறை. ஆண்ட்ராய்டின் புது அனுமதி முறை வழியாக ஃபைலைத் திறப்பது முன்பைவிட மெதுவானது என்பதும் அதோடு சேர்ந்துகொள்கிறது.

சொந்த ஸ்டோரேஜில் இடமே இல்லாதவர்கள் செட்டிங்கில் ஐ/ஓ டைமிங் மெத்தட் என்பதைப் பார்க்கலாம். வழக்கமாக ஃபாஸ்ட் என்று இருக்கும். மெதுவான ஸ்டோரேஜில் திக்கும் என்று அதன் பக்கத்திலேயே குறிப்பிட்டிருக்கிறார்கள். ஹோஸ்ட் என்று மாற்றினால் திக்கல் குறையலாம், ஆனால் சில கேம்களில் வேறு கோளாறு வரலாம். கேமுக்கென்று தனி செட்டிங் வைத்துக்கொள்ளும் வசதி இருப்பதால் அந்த ஒரு கேமுக்கு மட்டும் மாற்றிக்கொள்வது நல்லது. ஐஎஸ்ஓ முழுவதையும் ராமில் ஏற்றிக்கொள்ளும் தேர்வும் ஒன்று உண்டு. 4 ஜிபி ராம் ஃபோனில் அதை நான் தொடமாட்டேன். ஒன்றரை ஜிபியை அப்படிப் பிடித்துக்கொண்டால் ஆண்ட்ராய்டு ஆப்பையே மூடிவிடக்கூடும்.

பந்தய கேமும் இன்னும் சிலவும் ஃபோனின் ஸ்டோரேஜில் இருக்கின்றன. மெதுவாகப் படித்தாலும் பாதகமில்லாத, உரையாடலும் முறைவைத்துச் சண்டையுமாக நகரும் கேம்களை மெமரி கார்டில் வைத்துவிட்டோம்.

ஹார்டு டிஸ்க்கில் மிச்சம் இருந்தவை பழைய செவன்-ஜிப் கட்டுகள். அவற்றை அழிக்குமுன் ஒரு சோதனை மட்டும் பாக்கி. சிஎஸ்ஓவை மேக்ஸ்சிஎஸ்ஓ கொண்டே திரும்ப ஐஎஸ்ஓவாக விரித்து, அதன் எஸ்எச்ஏ-1 குறியீட்டையும் (ஃபைலின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் கைரேகை போன்ற எண்) செவன்-ஜிப்பிலிருந்து வந்த ஐஎஸ்ஓவின் குறியீட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தோம். இந்தச் சுருக்கத்தில் ஒரு பிட்டும் தொலையாது என்பதால் இரண்டும் ஒன்றாகத்தான் இருக்க வேண்டும். எல்லாக் கேம்களுக்கும் ஒன்றாகவே இருந்தன. செவன்-ஜிப்களை அழித்துவிட்டு, சிஎஸ்ஓக்களின் இன்னொரு பிரதியை அதே ஹார்டு டிஸ்க்கில் வைத்தேன். ஒவ்வொன்றின் குறியீடும் பக்கத்தில் ஒரு டெக்ஸ்ட் ஃபைலில் இருக்கிறது.